ஓடியோமொத்: மலையகத்தின் ஒலியை வரைய இந்தப் பதிவுக்கருவி போதுமா?

காட்டில் தானாக ஒலியைப் பதியும் ஓடியோமொத் என்ற சிறு கருவிக்கு ஓடர் கொடுத்துப் பொதியைத் திறந்தால் உள்ளே இருப்பது ஒரு சுற்றுப்பலகை மட்டுமே. 58 மில்லிமீற்றர் நீளம், 48 மில்லிமீற்றர் அகலம், பற்றரிக் கூட்டோடு 15 மில்லிமீற்றர் தடிப்பு. மேலுறை கிடையாது, திரை கிடையாது, மெமரி கார்ட் கிடையாது, பற்றரியும் நாம்தான் போட வேண்டும். வறண்ட நாட்டுக்காரருக்கு இதெல்லாம் பெரிய குறையில்லை. இலங்கை மலையகத்தின் வட்டவளையிலோ மஸ்கெலியாவிலோ மரத்தில் கட்டித் தொங்கவிடப் போகிறவருக்கு இதுதான் முழுத் தலையிடியும். தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம்: பலகை நல்ல பலகை, கொடுத்த காசுக்கு மேலாக உழைக்கும். ஆனால் மலையகத்தில் பாதிக் கவனத்தையும் பாதிச் செலவையும் பெட்டிக்கு ஒதுக்காதவர் இதை வாங்கக் கூடாது.

கருவி யாருக்கானது என்பதையும் சொல்ல வேண்டும். ஒரு மலைச்சரிவில் எந்த இடத்தில், எந்த மணிக்கு, என்னென்ன உயிர் குரல் கொடுக்கிறது, அதன்மேல் மனிதச் சத்தம் எவ்வளவு கவிகிறது என்பதைப் புள்ளி புள்ளியாகப் பதிந்து வரைபடமாக்குகிற ஆய்வுக் கழகங்களுக்கும் மாணவர் குழுக்களுக்கும் ஆனது. நிலத்தைச் சொல்ல வரும்போதே அதன் புள்ளையும் பறையையும் யாழையும் கருப்பொருளாக எண்ணி வைத்த மொழிக்கு இந்த வேலை புதிதல்ல. குறிஞ்சிக்குத் தொண்டகப்பறை என்றார்கள். இன்றைக்கு எழுதுவதானால் ஸ்டோர் எனப்படும் தேயிலைத் தொழிற்சாலையின் ஊதுவிசிறியையும் சேர்க்க வேண்டியிருக்கும். ஒரு பறவையை அழகாகப் பதிந்து கேட்டு மகிழ நினைப்பவருக்கு ஓடியோமொத் வேண்டாம். அதன் மைக், கைபேசிகளில் இருக்கும் அதே சிறு வகை. உள்ளிரைச்சல் கொஞ்சம் உண்டு, ஒலி ஒற்றைத் தடத்தில் மட்டுமே பதியும். பத்து இடத்தில் ஒரே வேளையில் ஒரே மாதிரிக் கேட்க வேண்டும் என்பவருக்குத்தான் இது.

சௌத்ஹாம்டன், ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகங்களின் ஆய்வாளர்கள் உருவாக்கியது. 2018இல் இதைப் பற்றிய ஆய்வுக்கட்டுரை வெளிவந்தது. வடிவமைப்பு திறந்த உரிமம், இயக்கும் மென்பொருள்கள் இலவசம். மூன்று டபுள் ஏ பற்றரியில் ஓடும். பக்கத்தில் மூன்று நிலைச் சுவிட்ச்: ஒரு முனையில் யூஎஸ்பி அல்லது நிறுத்தம், நடுவில் டிஃபோல்ட், மறுமுனையில் கஸ்டம். கஸ்டம் என்றால் நாம் போட்ட நேர அட்டவணைப்படி பதியும். டிஃபோல்ட் அட்டவணையைப் பார்க்காமல் அப்போதே தொடங்கிவிடும். மரத்தடியில் அட்டை காலில் ஏறும் அவசரத்தில் நடுவிலேயே சுவிட்சை விட்டுவிட்டு வருவதுதான் அதிகம் நடக்கிற தவறு. அட்டவணை இல்லாமல் இரவு பகலாக ஓடி, பத்து நாளைக்குப் பிறகு போய்ப் பார்த்தால் கார்ட் நிரம்பியோ பற்றரி செத்தோ கிடக்கும். சுவிட்சைத் தள்ளியபின் ஒரு நிமிடம் நின்று விளக்கைப் பாருங்கள்: காத்திருக்கும்போது பச்சை மின்னும், பதியும்போது சிவப்பு. இரண்டும் சேர்ந்து மின்னினால் கார்ட் சரியாக உட்காரவில்லை என்று பொருள்.

அமைப்பைக் கணினியில், யூஎஸ்பி வயரில்தான் போட வேண்டும். மாதிரி வேகம், அதாவது வினாடிக்கு எத்தனை தடவை ஒலியை அளக்கிறது என்பது, 8 முதல் 384 கிலோஹேர்ட்ஸ் வரை தெரிவு செய்யலாம். பதியக்கூடிய மிக உயர்ந்த சுருதி அந்த வேகத்தில் பாதி. பறவைக்கும் தவளைக்கும் சில்வண்டுக்கும் 48 போதும். வௌவாலுக்கு 192க்கு மேலே போக வேண்டும். 384இல் ஒரு நிமிடப் பதிவு 46 மெகாபைட் விழுங்கும், ஆகவே அந்த வேலையைத் தனியாக வைத்துக்கொள்ளுங்கள். 48இல் ஒரு நிமிடம் 5.76 மெகாபைட். வரைபடத்துக்கு நல்ல தொடக்க அளவு: ஒரு நிமிடம் பதிவு, ஒன்பது நிமிடம் உறக்கம், 24 மணி நேரமும். நாளுக்கு 144 நிமிடம், ஏறத்தாழ 830 மெகாபைட். 32 ஜீபி கார்ட் ஐந்து கிழமைக்கு மேல் தாங்கும். பற்றரி அவ்வளவு தாங்குமா என்பதை அமைப்புச் செயலியே ஒரு நாளுக்கான மதிப்பீடாகக் காட்டும். அந்தக் கணக்குக்கு மேல் கால்வாசி கூட்டிக்கொள்வது நல்லது. நுவரெலியாவில் தை மாத இரவுகளில் புல்லில் உறைபனி விழும்போது சாதாரண அல்கலைன் பற்றரி சோர்ந்துவிடும்.

இங்கே ஒரு குறை தட்டுகிறது. ஒரு நாளுக்குள் பல நேரத் துண்டுகளை வகுக்கலாம். ஆனால் பதிவு, உறக்கக் கணக்கு எல்லாத் துண்டுக்கும் ஒன்றுதான். விடியலில் 5.15 முதல் 7.45 வரை இடைவிடாமல், மற்ற நேரம் பத்து நிமிடத்துக்கு ஒன்று என்று ஒரே பலகையில் கேட்க முடியாது. விடியல் கூட்டுப்பாட்டு முக்கியமான இடத்தில் இரண்டு பலகை தொங்கவிட வேண்டும். மலிவான கருவி என்பதால் பொறுத்துக்கொள்ளலாம்.

கடிகாரம் பற்றி இரண்டு எச்சரிக்கை. பற்றரியைக் கழற்றினால் நேரம் அழிந்துவிடும். நேரம் வைக்காத பலகை கஸ்டம் நிலையில் அட்டவணைப்படி ஓடாது. பற்றரி மாற்றப் போகும்போது மடிக்கணினியைச் சுமக்காமல் இருக்க, போனில் இருந்து ஒரு ஓசைத் தொடரை எழுப்பி நேரத்தையும் இருப்பிடத்தையும் பலகைக்குச் சொல்லும் சைம் செயலி இருக்கிறது. அருமையான யோசனை. ஓடைப் பக்கத்திலும் காற்றடிக்கும் முகட்டிலும் சாணளவு தூரத்துக்குள் போனைப் பிடித்தால்தான் கேட்கும். மற்றது, கோப்பின் பெயரே தேதியும் நேரமும். அது யூடிசி எனப்படும் உலகப் பொது நேரமாக இருந்தால் இலங்கை நேரத்துக்கு ஐந்தரை மணித்தியாலம் பின்னால் நிற்கும்: காலை ஆறு மணிக் கொண்டைக்குருவி நள்ளிரவு 00.30க்குப் பாடியதாகப் பதிவாகும். குழுவில் ஒருவர் உள்ளூர் நேரமும் மற்றவர் யூடிசியும் வைத்தால் வரைபடமே பிசகிவிடும். எதையாவது ஒன்றை எல்லாரும் வையுங்கள், பயணத் தாளின் தலைப்பில் எழுதியும் வையுங்கள்.

பற்றரியில் கடைத்தெருவின் மலிவுக் கார்பன் சிங்க் வகை உதவாது. கார்டில் எழுதும் ஒவ்வொரு தடவையும் மின்னழுத்தம் சரிந்து பதிவு அறுபடும். அல்கலைன் போதும், லித்தியம் டபுள் ஏ கிடைத்தால் குளிருக்கு அதைவிட நல்லது எதுவுமில்லை. மூன்றையும் ஒரே நாளில் பிரித்த ஒரே வகையாகப் போடுங்கள். கார்ட் விஷயத்தில் 32 ஜீபி என்று அச்சடித்து உள்ளே 8 மட்டும் வைத்திருக்கும் போலிகள் நடைபாதையில் மட்டுமா, கண்ணாடிக் கடையிலும் உண்டு. வாங்கியதும் முழுக் கொள்ளளவையும் எழுதி வாசித்துப் பார்க்கும் சோதனை மென்பொருளை ஓடவிடாமல் மலையேறாதீர்கள்.

இனி ஈரம். மேல் மலையகத்தின் மேற்குச் சரிவில் மே முதல் செப்டெம்பர் வரை தென்மேல் பருவக்காற்று. ஊவாப் பக்கம் மார்கழியிலிருந்து மாசி வரை வடகீழ். நடுவில் ஐப்பசி, கார்த்திகையின் பிற்பகல் இடிமழை. மழை நின்றாலும் மூடுபனி நிற்காது. பலகைக்கு மழையைவிடப் பெரிய எதிரி பனிதான்: மழை வெளியே நிற்கும், பனி பெட்டிக்குள் பிறக்கும். பகலில் சூடேறிய பெட்டிக்குள் இருக்கும் ஈரக்காற்று இரவு குளிர்ந்து மைக் துளையிலேயே துளியாகக் கட்டும். அப்போது பதிவு நின்றுவிடாது, நின்றாலாவது தெரியும். உயர்ந்த சுருதிகள் மட்டும் மங்கிப்போகும். ஹோர்ட்டன் சமவெளி, பட்டிப்பொல பக்கத்து ஓடைகளில் விடியலுக்கு முன்னும் அந்திக்குப் பின்னும் குரல் கொடுக்கும் அரெங்கா, அதாவது இலங்கைக்கே உரிய சீழ்க்கைக் குருவி, மெல்லிய உயர்சுருதிக் கீச்சொலி உடையது. துளையில் ஒரு துளி நீர் கட்டினால் வரைபடத்தில் அந்தக் குருவி அந்த இடத்தில் இல்லை என்றாகிவிடும். இல்லாததை இல்லை என்று வரைவது வேறு, கேட்காததை இல்லை என்று வரைவது வேறு.

உறைக்கு மூன்று வழி. தயாரிப்பாளரின் ஐபிஎக்ஸ்7 தர (நீர் புகாத) பெட்டி முதலாவது. ஒலியை விட்டு நீரைத் தடுக்கும் சவ்வு அதன் துளையில் உண்டு. விலை கூட, ஆனால் எல்லாப் பெட்டியும் ஒரே மாதிரிக் கேட்கும், ஒப்பிடலாம். இரண்டு மாதத்துக்கு மேல் தொங்கவிடுவதானால் வேறு யோசனையே வேண்டாம். இரண்டாவது, சிப் வைத்த பொலித்தீன் பை. ஒரு கிழமை வேலைக்குப் பரவாயில்லை. பை தளர்வாக இருந்தால் காற்றில் சரசரக்கும், மழைத்துளி விழும்போது வெடி போலக் கேட்கும். மைக் பக்கத்தைத் தோல் போல இழுத்துப் பிடித்து, மிச்சப் பையைப் பின்னால் மடித்து டேப் ஒட்டுங்கள். மூன்றாவது, மின்வேலைக்காரர் சுவரில் பதிக்கும் பிளாஸ்டிக் பெட்டியை மூடியோடு வாங்கித் துளை போடுவது. இது நம் கைக்கு எட்டிய வழி என்பதால் கொஞ்சம் விளக்கமாகவே சொல்லலாம்.

துளை ஆறு மில்லிமீற்றர், பலகையின் மைக் துளைக்கு நேர் எதிரே. இரண்டுக்கும் நடுவே வெற்றிடம் விட்டால் பெட்டி குடம் மாதிரி முழங்கும், சில சுருதிகள் பொய்யாகப் பெருகும். நடுவில் துளை போட்ட மெல்லிய றப்பர் வளையமோ ஸ்பொஞ்சோ வைத்து இறுக்குங்கள். துளையின்மேல் ஒலிச்சவ்வு ஸ்டிக்கர் ஒட்ட வேண்டும். தண்ணீர்க் குழாய்க்குச் சுற்றும் வெள்ளை டேப்பைப் பலர் ஒட்டிப் பார்க்கிறார்கள். அது ஒவ்வொரு தடவையும் ஒவ்வோர் இழுப்பில் உட்காரும், பத்துப் பெட்டியும் பத்து விதமாகக் கேட்கும். உள்ளே இரண்டு சிலிக்கா ஜெல் பொதி போட்டு, பெட்டியை வெயில் ஏறிய நடுப்பகலில், வீட்டுக்குள் மூடுங்கள். மலையில் மூடினால் மலையின் ஈரத்தையும் சேர்த்து மூடுகிறீர்கள். ஜெல்லைப் பற்றரி மாற்றும் ஒவ்வொரு முறையும் மாற்ற வேண்டும். மூடிக்குமேல் கூரை மாதிரி ஒரு தகடு வைத்தால் மழை அதில் தப்படிக்கும். கொழுந்தெடுப்போர் இடுப்பில் கட்டும் படங்குச் சாக்கில் ஒரு கிழிந்த துண்டைத் தகட்டின்மேல் சுற்றினால் அந்தச் சத்தம் அடங்கும். பெட்டியைச் சற்று முன்னால் சாய்த்துக் கட்டுங்கள், துளையில் நீர் தங்காது. துளை ஓரத்தில் சிலந்தி கூடு கட்டும், எறும்பு நுழையும். போகும்போதெல்லாம் மெல்லிய தூரிகையால் தட்டிவிட்டு வருவது பத்து வினாடி வேலை.

எங்கே கட்டுவது? தரையிலிருந்து ஒன்றரை முதல் இரண்டு மீற்றர் உயரம், காற்றுக்கு முதுகு காட்டிய பக்கம், இலை தொடாத தண்டு. தேயிலை மலைக்குள் நிழலுக்கு நிற்கும் சவுக்கு (கிரெவிலியா) மரம் வசதியானது. தோட்டத்தில் மரக்கிளை வெட்டும் திகதியை முன்னதாகக் கேட்டு வையுங்கள், இல்லாவிட்டால் கருவி கிளையோடு வடிகான் ஓரத்தில் கிடக்கும். புள்ளிக்குப் புள்ளி 250 மீற்றராவது இடைவெளி வேண்டும், திறந்த சரிவில் அதற்கும் கூட. கிட்ட வைத்தால் ஒரே குக்குறுவானை இரண்டு இடத்தில் எண்ணுவீர்கள். ஓடையில் இருந்து விலகி, முடிந்தால் ஒரு மேட்டின் மறைவில். ஓடை இரைச்சல் எல்லாச் சுருதியிலும் பரவிக் கிடப்பதால் பின்னால் வடிகட்டி எடுக்க முடியாது. ஒலிவாங்கும் பலத்தைக் கூட்டினாலும் குருவியோடு சேர்ந்து ஓடையும் ஏறும். முப்பது மீற்றர் நடந்து கட்டுவதே மருந்து.

ஒலிவாங்கும் பலத்துக்கு ஐந்து படி உண்டு. நடுப்படியில் வைத்து மறந்துவிடுங்கள். ஸ்டோருக்கு அருகில் மட்டும் ஒரு படி குறைக்கலாம். கொழுந்து வாட்டும் ஊதுவிசிறி இரவு முழுக்க ஓடும் பருவத்தில் பதிவு முட்டி உடையும். ஆனால் குறைத்த இடத்தைத் தாளில் குறிக்காவிட்டால், ஸ்டோர்ப் பக்கம் அமைதி, காட்டுப் பக்கம் ஆரவாரம் என்று வரைபடம் சொல்லும். மலையில் வைப்பதற்கு முன் எல்லாப் பெட்டியையும் ஒரே மேசையில் வரிசையாக வைத்து, ஒரே ஒலியைப் பத்து நிமிடம் ஓடவிட்டுப் பதிந்து பாருங்கள். வரிசையில் ஒன்று மந்தமாக இருந்தால் அங்கேயே பிடிபடும். பலகைக்குள் ஓடும் மென்பொருளான ஃபர்ம்வேரின் பதிப்பும் எல்லாவற்றிலும் ஒன்றாக இருக்கட்டும்.

சத்தம் ஒரு அளவைத் தாண்டினால் மட்டும் பதியும் வசதியும், குறைந்த சுருதியை அறுக்கும் வடிகட்டியும் உண்டு. வரைபட வேலைக்கு இரண்டும் வேண்டாம். அப்புத்தளை முகட்டில் ஆடிக் காற்று முதல் வசதியை நாள் முழுக்க உசுப்பிக்கொண்டே இருக்கும். வடிகட்டி போட்டால் ஆந்தையின் அடிக்குரலும் ஒலிபெருக்கியும் லொறியும் சேர்ந்து போய்விடும். அமைதியும் ஒரு தரவுதான், லொறியும் ஒரு தரவுதான்.

ஒவ்வொரு கோப்பின் தலைப்பகுதியிலும் பற்றரி நிலையும் வெப்பநிலையும் எழுத்தாகவே பதிவாகின்றன. இந்தக் கருவியில் மனம்விட்டுப் பாராட்டத்தக்க அம்சம் இது. எந்த நாளில் மின்னழுத்தம் சரியத் தொடங்கியது, பதிவு ஏன் நின்றது என்று பிறகு உட்கார்ந்து கண்டுபிடிக்கலாம். வெப்பம் பெட்டிக்குள் இருப்பது என்பதை மட்டும் மறக்க வேண்டாம். வெயில் பட்ட பெட்டி பண்டாரவளையைப் பாலைவனம் ஆக்கிவிடும்.

மிச்சம் மேசை வேலை. கோர்ணெல் பறவையியல் ஆய்வகமும் கெம்னிட்ஸ் தொழில்நுட்பப் பல்கலைக்கழகமும் சேர்ந்து உருவாக்கிய பேர்ட்நெட் என்ற குரல் இனங்காணும் மென்பொருள், பதிவை மூன்று வினாடித் துண்டுகளாக வெட்டி ஒவ்வொன்றுக்கும் பறவைப் பெயரும் நம்பக அளவும் சொல்லும். இருப்பிடமும் ஆண்டின் எத்தனையாவது கிழமை என்பதும் கொடுத்தால் இங்கே வராத பறவைகளைத் தள்ளிவிடும். மஞ்சட்காதுக் கொண்டைக்குருவி, காட்டுக்கோழி போன்று ஓயாமல் கூவுபவற்றுக்கு முதல் சல்லடையாக உதவும். அரிதான உள்நாட்டு இனம் என்று அது சொன்னால் காதால் கேட்டு, சுருதிகளை நேரவாரியாக வரைந்து காட்டும் நிறமாலைப் படத்தைக் கண்ணால் பார்த்து உறுதி செய்யாமல் வரைபடத்தில் ஏற்றாதீர்கள். பஸ் பிறேக்கின் கீச்சொலிக்கும் பறவைப் பெயர் விழும். தவளைக்கு அதை நம்பவே வேண்டாம். வாற்பேய்ப் பருவமே இல்லாமல் முட்டையிலிருந்து நேரே குட்டித் தவளையாக வெளிவரும் நமது புதர்த் தவளைகள் இரவில்தான் பேசும், இனத்துக்கினம் குரல் மாறும். அவற்றைப் பிரிக்கத் தெரிந்த ஒரு ஆளின் காது இல்லாமல் நடக்காது.

எண்ணாகச் சுருக்க, 1 முதல் 2 கிலோஹேர்ட்ஸ் வரையான ஒலியை மனிதப் பக்கமும் அதற்கு மேலே உள்ளதை உயிர்ப் பக்கமும் நிறுத்தி ஒப்பிடும் சுட்டெண் ஒன்று பரவலாகப் பயன்படுகிறது. மலையகத்தில் கவனம்: குக்குறுவானின் தாளமும் மந்தியின் விடியல் கூக்குரலும் கீழேயும் இறங்கும், ஊதுவிசிறியின் கிரீச்சு மேலேயும் ஏறும். மழை நிமிடங்களை முதலில் பொறுக்கி எறியாவிட்டால் அடைமழை நாள்தான் உயிர் நிறைந்த நாளாக வரும். அத்தோடு ஒவ்வொரு புள்ளிக்கும் உயரம், சரிவின் முகம், ஓடைத் தூரம், எத்தனையாம் நம்பர் மலை, கடைசியாகத் தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டிய மாதம் ஆகியவற்றைக் குறியுங்கள். கவ்வாத்து வெட்டிய மலை ஒரே வாரத்தில் வேறு ஒலியாகிவிடும்.

மனிதக் குரலும் பதியும் என்பதை மறைக்கக் கூடாது. தொழிலாளர் குடியிருப்பான லயத்துக்குப் பக்கத்திலோ, காலையில் ஆட்கள் கூடும் பெரட்டுக் களத்திலோ கொழுந்து நிறுக்கும் இடத்திலோ கட்டுவதானால் அங்குள்ளவர்களிடம் முதலில் சொல்லிக் கேட்க வேண்டும். தோட்டத் துரையின் அனுமதி மட்டும் போதாது. பேச்சு விளங்கும் துண்டுகளைப் பகிராமல் அழித்துவிடுங்கள். பெட்டியின்மேல் தமிழிலும் சிங்களத்திலும் இது என்ன, யாருடையது என்று ஒரு வரி ஒட்டினால் யாரும் வெடிப்பொருள் என்று பயந்து பொலிசுக்கு அறிவிக்க மாட்டார்கள். தேசியப் பூங்காக்களுக்குள் வனசீவராசிகள் திணைக்களத்தின் எழுத்து அனுமதி இல்லாமல் ஒரு பெட்டியும் கட்ட முடியாது.

மாற்று வேண்டும் என்றால் சோங் மீற்றர் மைக்ரோ 2 என்ற பதிவுக்கருவி உண்டு: பெட்டியோடே வரும், போனில் புளூடூத் வழியாக அமைக்கலாம், மழைக்கு மனநிம்மதி. விலை ஏறும். இரண்டு மூன்று புள்ளிக்கு மேல் வேண்டாத பாடசாலைக் கழகத்துக்கு அதுவே வசதி. பத்துப் புள்ளிக்குப் போகிறவர், ஆணியும் றப்பரும் பிடிக்கத் தெரிந்த ஒருவர் குழுவில் இருந்தால், ஓடியோமொத்தையே எடுக்கலாம். பத்து வேண்டுமானால் பன்னிரண்டு வாங்குங்கள். பற்றரிக் கூட்டின் ஸ்பிரிங் விழுந்து அடிபட்டால் தளரும், கார்ட் பொருந்தும் வாய் ஈரத்தில் துருவேறும். உள்ளூர்க் கடையில் உதிரி கிடைக்காது, அடுத்த பொதி சுங்கம் தாண்டி வருவதற்குள் பருவமே மாறிவிடும்.